பண்டோரா செய்த குற்றம் என்ன?

மனிதர் இவ்வுலகில் பெறும் முதல் பரிசு பெயர். கல்வியையும் செல்வத்தையும் நாம் பின்னால் தேடிக்கொள்ளலாம். பெயரை மட்டும் பிறரே நமக்குத் தருகின்றனர். நாம் கேட்டு வாங்கியதன்று அது. ஆயினும் யாரேனும் அதைச் சொல்லி அழைத்தால் வாழ்நாள் முழுவதும் திரும்பிப் பார்க்கிறோம். ஆகவே, "என் பெயருக்கு என்ன பொருள்?" என்று அறிய விழைவது எல்லார்க்கும் இயல்பே.

இந்த ஆவலைத் தீர்ப்பதற்கென்றே பெயர் அகராதிகள் கடைகளில் விற்கப்படுகின்றன. கிரேக்கப் புராணங்களிலிருந்து வந்த பெயர்களுக்கு அவற்றில் சிறப்பான இடம் உண்டு. ஐரீன் என்றால் அமைதி, ஹெலன் என்றால் ஒளி, பண்டோரா என்றால் எல்லாப் பரிசும் என்று, ஒரு பெயருக்கு ஒரு சொல் வீதம் வரிசையாக அச்சிட்டிருப்பார்கள். நாமும் நம் பெயரைத் தேடிப் பார்த்து, நல்ல பொருளாயின் மகிழ்கிறோம். இல்லையேல் முகம் வாடுகிறோம்.

தோழியரே, இந்த வரிசைகளைப் பற்றியே என் கருத்தை ஈண்டுச் சொல்ல விரும்புகிறேன். ஒரு பெயரின் பொருளை ஒற்றைச் சொல்லுக்குள் அடைத்துவிட முடியாது. அப்பொருளைச் சொன்னவர் யார், எப்பொழுது சொன்னார், எதற்காகச் சொன்னார் என்று கேட்காமல் அதை ஏற்றுக்கொள்ளவும் கூடாது. பெண்ணின் பெயரானால் ஒருமுறைக்கு இருமுறை கேட்க வேண்டும். இதற்குக் கிரேக்கக் கதைகளே தக்க சான்று.

பண்டோராவும் தாழியும்

பண்டோராவின் கதை நாம் அறிந்ததே. பிரமீதியூஸ் என்பவன் விண்ணிலிருந்து நெருப்பைத் திருடி மனிதருக்குக் கொடுத்தான். சினங்கொண்ட சீயூஸ் தேவன், மனிதரைத் தண்டிக்க ஒரு பெண்ணை மண்ணால் உருவாக்கச் செய்தான். தேவர்கள் ஆளுக்கொரு கொடை அளித்தனர். அவளைப் பிரமீதியூசின் தம்பி எபிமீதியூஸ் ஏற்றுக்கொண்டான். அவள் ஒரு கலத்தின் மூடியைத் திறந்தாள். நோயும் துன்பமும் உலகெங்கும் பரவின. நம்பிக்கை மட்டும் கலத்துக்குள் தங்கிவிட்டது.

இக்கதையைப் 'பண்டோரா' என்ற பெயருடன் நமக்குத் தருபவர், ஏறத்தாழ கி.மு. 700-இல் வாழ்ந்த ஹெசியட் என்னும் புலவர். 'வேலைகளும் நாள்களும்' என்பது அந்நூல். கிரேக்கத்தில் 'பான்' என்றால் எல்லாம். 'டோரோன்' என்றால் கொடை. எல்லாத் தேவர்களும் கொடை கொடுத்ததால் அவளுக்கு இப்பெயர் வந்தது என்கிறார் ஹெசியட். ஆனால் அவரே இயற்றிய 'தெய்வங்களின் பிறப்பு' என்னும் மற்றொரு நூலிலும் இந்த முதற்பெண்ணின் கதை வருகிறது. அங்கே அவளுக்குப் பெயரே இல்லை!

இப்பெயரை இன்னொரு வகையாகவும் பொருள் கொள்ளலாம். 'எல்லாக் கொடைகளையும் பெற்றவள்' என்பதற்கு மாறாக, 'எல்லாக் கொடைகளையும் தருபவள்' என்றும் கூறலாம். அப்படிக் கூறியவர்களும் கிரேக்கரே. நமக்கு உணவும் நீரும் தரும் நிலமகளுக்குப் பண்டோரா என்ற பெயர் வழங்கியது. அரிஸ்டோபனிஸ் எழுதிய 'பறவைகள்' என்னும் நாடகத்தில், பண்டோராவுக்குப் பலி கொடுப்பது பற்றிய குறிப்பு உள்ளது. இலண்டன் நகரிலுள்ள பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தில் கி.மு. ஐந்தாம் நூற்றாண்டைச் சேர்ந்த ஒரு கிண்ணம் இருக்கிறது. அதில் அதீனாவும் ஹெபைஸ்டசும் இந்த முதற்பெண்ணை அலங்கரிக்கும் காட்சி தீட்டப்பட்டுள்ளது. அவளுடைய தலையருகே எழுதியுள்ள பெயர் 'அனேசிடோரா'. அதாவது, 'மண்ணிலிருந்து கொடைகளை மேலே அனுப்புபவள்'. விளைச்சலைத் தருபவள் என்பதே அதன் கருத்து.

அள்ளிக் கொடுத்த தாய் ஒரு கதையில் தண்டனையாக வந்த மகளாகிவிட்டாள். எழுத்து ஒன்றும் மாறவில்லை. சொன்னவர் மாறினார், பொருள் மாறியது.

அத்துடன் நின்றதா? இல்லை. ஹெசியட் சொன்ன கலம் 'பித்தோஸ்' எனப்படும். தானியமும் எண்ணெயும் திராட்சை இரசமும் சேர்த்து வைக்கும் பெரிய மண் தாழி அது. நம் வீடுகளில் முன்னர் இருந்த நெற்குதிரைப் போன்றது. ஒருவர் கையில் எடுத்துக்கொண்டு திரியக் கூடியதன்று. பதினாறாம் நூற்றாண்டில் ராட்டர்டாம் நகரின் பேரறிஞர் எராஸ்மஸ், இக்கதையை இலத்தீனில் சொல்லும்போது 'பிக்சிஸ்' என்ற சொல்லை ஆண்டார். அதற்குச் சிறு பெட்டி என்று பொருள். அன்றுமுதல் ஐரோப்பா முழுவதும் 'பண்டோராவின் பெட்டி' என்ற தொடர் பரவியது. டோரா பனோப்ஸ்கி, எர்வின் பனோப்ஸ்கி என்னும் கலை வரலாற்று அறிஞர் இருவர், 1956-இல் வெளிவந்த தம் நூலில் இந்த மாற்றத்தை விரிவாக ஆராய்ந்துள்ளனர்.

தாழி பெட்டியானதும் கதையின் சாயலே மாறிவிட்டது. பெட்டியென்றால் இரகசியம், இரகசியம் என்றால் அதைத் திறக்கத் துடிக்கும் பெண். "திறக்காதே என்று சொல்லியும் ஆவல் தாங்காமல் திறந்தாள்" என்று நாம் படிக்கிறோமே, அப்படி ஹெசியட் எழுதவில்லை. திறக்கக் கூடாது என்று யாரும் அவளிடம் சொன்னதாக அவர் நூலில் இல்லை. அவள் ஆவல் மிக்கவள் என்றும் இல்லை. ஹெசியட் பெண்களிடம் பரிவு காட்டிய புலவர் அல்லர் என்பது உண்மையே. ஆனால் அவர் சுமத்தாத பழியையும் பின்வந்தோர் சுமத்தினர்.

இன்னொன்றையும் கவனியுங்கள். 'பிரமீதியூஸ்' என்றால் முன்யோசனை உடையவன். 'எபிமீதியூஸ்' என்றால் பின்யோசனை உடையவன், அதாவது காரியம் கெட்ட பின் சிந்திப்பவன். சீயூசிடமிருந்து எந்தப் பரிசையும் வாங்காதே என்று அண்ணன் எச்சரித்தும், தம்பி மறந்து ஏற்றுக்கொண்டான். அவனுடைய குற்றம் அவன் பெயரிலேயே எழுதியிருக்கிறது. ஆனால் உலகம் பழமொழியாக நினைவில் வைத்திருப்பதோ பண்டோராவை மட்டுமே! இது நீதியா என்று கேட்கிறேன்.

ஹெலனும் மெதூசாவும்

ஹெலனின் பெயருக்கும் இதே கதிதான். பெயர் அகராதிகள் ஒளி என்றும் தீப்பந்தம் என்றும் பொருள் எழுதுகின்றன. மொழியறிஞர்கள் இன்றுவரை இதில் ஒருமித்த முடிவுக்கு வரவில்லை. ஆனால் கி.மு. 458-இல் அரங்கேறிய 'அகமெம்னான்' நாடகத்தில் ஈஸ்கிலஸ் அப்பெயரைக் கொண்டு ஒரு சொல் விளையாட்டு விளையாடினார். 'அழித்தல்' என்னும் பொருள் தரும் ஒரு கிரேக்கச் சொல் 'ஹெலன்' என்ற ஒலியோடு ஒத்திருந்தது. அதை வைத்து, கப்பல்களையும் ஆண்களையும் நகரங்களையும் அழிக்கவே அவள் இப்பெயர் பெற்றாள் என்று பாடினார். சிலேடை நயமுடையது, ஆனால் சொல்லாராய்ச்சி ஆகாது. திராய் நகரின்மீது படையெடுத்தவர்கள் அகமெம்னானும் மெனலாசும் மற்ற மன்னர்களும். போரிட்டதும் தீயிட்டதும் அவர்கள். பழியோ பெண்ணின் பெயருக்கு!

கிரேக்கரிலேயே இதை ஒப்பாதவர்களும் இருந்தனர் என்பது ஆறுதல் தருகிறது. கி.மு. 412-இல் யூரிப்பிடிஸ் 'ஹெலன்' என்றொரு நாடகம் இயற்றினார். அதில், உண்மையான ஹெலன் திராய்க்குப் போகவே இல்லை, எகிப்தில் காத்திருந்தாள், பத்தாண்டுகள் ஆண்கள் போரிட்டது வெறும் மாய உருவத்துக்காக!

மெதூசாவை எடுத்துக்கொள்வோம். கூந்தலெல்லாம் பாம்பு, கண்டவர் கல்லாவர் என்று நாம் அஞ்சிப் படித்த பெயர். ஆனால் அச்சொல்லின் வேர் அச்சமன்று. 'ஆளுதல், காத்தல்' என்னும் பொருளுடைய வினையிலிருந்து பிறந்த அப்பெயருக்குக் 'காப்பவள், அரசி' என்றே பொருள். கிரேக்கர் அவளுடைய முகத்தைக் கேடயங்களிலும் கோயில்களிலும் தீமையை விரட்டும் காவலாகப் பொறித்தனர். கார்பூ தீவில் ஆர்ட்டெமிஸ் தேவியின் பழங்கோயில் முகப்பில் இருந்த அவளது பெரிய சிற்பத்தை அங்குள்ள அருங்காட்சியகத்தில் இன்றும் காணலாம். அரக்கி என்று மட்டும் சொல்லி முடித்துவிட்டால், காவலாக நின்றவளை மறந்துவிடுகிறோம் அன்றோ?

அப்படியானால் எதைத்தான் நம்புவது?

"பொருள் இப்படி மாறிக்கொண்டே போகுமானால், பெயராராய்ச்சி எதற்கு?" என்று சிலர் கேட்கலாம். கேட்க வேண்டிய கேள்விதான். பெயர்கள் இயற்கையாக அமைந்தவையா, மனிதர் தமக்குள் ஒத்துக்கொண்டு இட்டவையா என்று பிளேட்டோவின் 'கிராட்டிலஸ்' என்னும் உரையாடலிலேயே வாதம் நடக்கிறது. இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்ட ஐயம் இது.

எல்லாமே ஐயத்துக்குரியவை அல்ல. ஐரீன் என்பது கிரேக்கத்தில் அமைதி என்பதைக் குறிக்கும் சொல்லேதான். அமைதித் தேவி, செல்வம் என்னும் குழந்தையைக் கையில் ஏந்தி நிற்பதாகக் கி.மு. நான்காம் நூற்றாண்டில் ஏதென்சில் சிலை வடித்தனர். அமைதி இருக்குமிடத்தில்தான் செல்வம் வளரும் என்பதற்கு இதைவிட விளக்கம் வேண்டுமோ? ஐரிஸ் என்றால் வானவில். குளோயி என்றால் பசுந்தளிர். இவற்றில் ஐயமில்லை.

மொழி நூலார் கண்ட உறவுகளும் உண்டு. கிரேக்கரின் வைகறைத் தேவி 'ஈயோஸ்', வேதத்தில் வைகறைத் தேவி 'உஷஸ்', உரோமையருக்கு 'அவுரோரா'. மூன்றும் ஒரே வேரிலிருந்து கிளைத்தவை என்று நிறுவியுள்ளனர். நம் வகுப்புகளில் உள்ள உஷாக்கள் ஹோமர் பாடிய தேவிக்கு உறவினர் என்றால் அது மிகையாகாது!

ஆனால் இந்த உறவுகள் காதுக்கு ஒத்த ஒலியை வைத்துச் சொன்னவை அல்ல. ஒலி மாற்ற விதிகளைப் பல சொற்களில் சோதித்துக் கண்டவை. ஒலி ஒத்திருந்தால் உறவு என்று சொல்லிவிடுவது எளிது, தவறுவதும் எளிது. ஆக்னஸ் என்ற பெயரைப் பாருங்கள். 'ஹாக்னே' என்ற கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது அது. தூயவள் என்று பொருள். பாதாள உலகின் அரசியான பெர்சபோனியைப் புகழ ஹோமர் ஆண்ட அடைமொழி அது. உரோமையரின் காதிலோ அது 'ஆக்னுஸ்' என்ற இலத்தீன் சொல்லைப் போல ஒலித்தது. அதற்கு ஆட்டுக்குட்டி என்று பொருள். வேரில் தொடர்பில்லை. ஆயினும் புனித ஆக்னசின் படங்களில் ஆட்டுக்குட்டி இடம்பெற்றது. இன்றும் அப்புனிதையின் திருநாளாகிய சனவரி 21-இல் உரோமையில் ஆட்டுக்குட்டிகளை மந்திரிக்கும் வழக்கம் உள்ளது. காது செய்த தவறு கண்ணுக்கு அழகிய படமாயிற்று! சொல்லின் பிறப்பு வேறு. மக்கள் அதில் கண்ட பொருள் வேறு. இரண்டையும் அறிந்துகொள்ள வேண்டும். ஒன்றை மற்றொன்றாக எண்ணிக் குழம்பக் கூடாது.

அறிவு எவ்வளவு பொறுமையால் வளர்கிறது என்பதற்கும் ஒரு சான்று கூறுவேன். தயோனிசஸ் என்னும் தேவன் கிரேக்கத்துக்குப் பிற்காலத்தில் வந்து சேர்ந்த அயல்நாட்டுத் தெய்வம் என்று அறிஞர் பலர் நம்பியிருந்தனர். கிரீட் தீவிலும் பைலோஸ் நகரிலும் கிடைத்த களிமண் பலகைகளில் 'லீனியர் பி' என்னும் பழைய எழுத்து இருந்தது. யாராலும் அதைப் படிக்க இயலவில்லை. அமெரிக்கப் பேராசிரியை ஆலிஸ் கோபர் பல ஆண்டுகள் ஆயிரக்கணக்கான சிறு அட்டைகளில் குறிப்பெழுதி, சொல்லின் ஈறுகள் மாறும் முறையைக் கண்டறிந்தார். 1950-இல், தம் 43-ஆம் வயதில் அவர் காலமானார். அவர் இட்ட அடித்தளத்தின்மீது நின்று, 1952-இல் மைக்கேல் வெண்ட்ரிஸ் அவ்வெழுத்தைப் படித்தார். அது கிரேக்கமே என்று தெரிந்தது. மூவாயிரம் ஆண்டுகளுக்கும் மேற்பட்ட அப்பலகைகளில் சீயூஸ், ஹீரா, பொசைடன் ஆகிய பெயர்களோடு தயோனிசசின் பெயரும் இருந்தது! அயலான் என்று எண்ணிய தேவன் பழைய குடிமகனே என்று தெளிவாயிற்று. வெண்ட்ரிசின் பெயரைப் பலர் அறிவர்; கோபரின் பெயரை அறிந்தோர் சிலரே. பெயர்களைப் பற்றிப் பேசும் நாம் இப்பெயரையும் நினைவில் வைத்திருத்தல் வேண்டும்.

தாங்குபவரும் பொருள் தருகிறார்

பெயருக்குப் பொருள் தருபவர் கதை சொல்பவர் மட்டுமல்லர். அதைத் தாங்கி வாழ்பவரும் தருகிறார். இதனை நம் திருச்சபையின் தொடக்க வரலாற்றிலேயே காணலாம். புனித சின்னப்பர் உரோமையருக்கு எழுதிய திருமுகத்தின் இறுதி அதிகாரத்தை எடுத்துப் பாருங்கள். அவர் வாழ்த்துக் கூறுவோர் வரிசையில் ஹெர்மஸ் இருக்கிறார்; அது தேவதூதனாகிய கிரேக்கத் தேவனின் பெயர். நேரேயு இருக்கிறார், அது கடல் முதியவனின் பெயர். அனைவருக்கும் முன்னால், கொரிந்து நகரின் துறைமுகமாகிய கெங்கிரேயாவின் திருச்சபையில் தொண்டாற்றிய பெபேயாவைப் புகழ்ந்து பரிந்துரைக்கிறார். 'ஒளிமிக்கவள்' என்று பொருள்படும் அப்பெயர், அப்பல்லோ தேவனின் பாட்டியின் பெயர். இப்பெண்மணியே அத்திருமுகத்தை உரோமைக்கு எடுத்துச் சென்றார் என்பது அறிஞர் பலரின் கருத்து. பழந்தெய்வங்களின் பெயர் என்று இவர்கள் அவற்றைக் களைந்துவிடவில்லை. தம் வாழ்வால் அவற்றிற்குப் புதுப்பொருள் ஏற்றினர்.

வேறு வழி சென்றவர்களும் உண்டு. 533-ஆம் ஆண்டில் மெர்க்கூரியுஸ் என்பவர் பாப்பரசராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். உரோமையர் தேவனின் பெயர் பாப்பரசருக்குப் பொருந்தாது என்று கருதி, இரண்டாம் அருளப்பர் என்று பெயர் மாற்றிக்கொண்டார். அதுவும் அவர் உரிமையே. ஏற்பதோ மாற்றுவதோ, தாங்குபவரே சிந்தித்து முடிவு செய்தார் என்பதே இங்குக் கருதத்தக்கது.

நம் தமிழ் முன்னோரும் பெயரை ஓசையாக மட்டும் கொள்ளவில்லை. பவுலுஸ் என்ற இலத்தீன் பெயருக்குச் 'சிறியவர்' என்று பொருள். ஆகவே 'சின்னப்பர்' என்றனர். யோவான் என்ற பெயருக்கு 'இறைவன் அருளுடையவர்' என்று பொருள். ஆகவே 'அருளப்பர்' என்றனர். ஹெலன் என்ற பெயரையும் பாருங்கள். ஈஸ்கிலஸ் அழிவின் பெயராக்கிய அதே பெயரைத் தாங்கியவர்தாம் கான்ஸ்டன்டைன் பேரரசரின் தாயாராகிய புனித ஹெலன். நான்காம் நூற்றாண்டில் முதிய வயதில் புனித நாட்டுக்குப் பயணம் செய்தவர் அவர். இன்று அப்பெயரைத் தம் மகளுக்குச் சூட்டும் தாய், திராய் நகரத் தீயை நினைத்தா சூட்டுகிறாள்?

இறுதியாக, நம் ஊர்ப்பக்கத்து வழக்கம் ஒன்றையும் எண்ணிப் பார்ப்போம். அடுத்தடுத்துப் பெண் குழந்தைகள் பிறந்த வீடுகளில் 'போதும்பொண்ணு' என்றும் 'வேண்டாம்' என்றும் பெயரிட்டதை நாம் அறிவோம். அடுத்ததாவது ஆணாகப் பிறக்கும் என்ற நம்பிக்கையாம்! பள்ளியில் வருகைப் பதிவேட்டைப் படிக்கும் ஒவ்வொரு நாளும் அச்சிறுமி தன்மீது எழுதிய தீர்ப்பைக் கேட்டு, "உள்ளேன் அம்மா" என்று எழுந்து நிற்க வேண்டும். பண்டோராவின் பெயரில் கிரேக்கப் புலவன் செய்ததை, நம் வீட்டு முற்றத்தில் நாமே செய்கிறோம். பிறந்தவள் கொடையா, தண்டனையா என்பதைப் பிறர் முடிவு செய்து அவள் நெற்றியில் ஒட்டிவிடுகின்றனர்.

தோழியரே, நாளை நாமும் பெயர் சூட்டும் இடத்தில் இருப்போம். அன்னையராகவோ, ஆசிரியைகளாகவோ, பதிவேட்டில் எழுதும் அலுவலராகவோ இருப்போம். அகராதியில் உள்ள ஒற்றைச் சொல்லைப் பார்த்துப் பெருமையும் கொள்ள வேண்டாம்; சிறுமையும் கொள்ள வேண்டாம். அச்சொல்லுக்குப் பின்னால் யார் இருக்கிறார் என்று கேட்போம். பழி சுமத்தும் பெயரை எந்தக் குழந்தைக்கும் சூட்டாதிருப்போம். சூட்டப்பட்டவளைக் கண்டால் கேலி செய்யாமல், அவள் விரும்பும் பெயரால் அழைப்போம். பெரியவளான பின் பெயரை மாற்றிக்கொள்ளச் சட்டத்திலும் வழியுண்டு என்று அவளுக்கு எடுத்துச் சொல்வோம்.

பண்டோராவின் தாழியில் நம்பிக்கை மட்டும் எஞ்சியது என்கிறது கதை. எல்லாம் தருபவள் என்ற அவளுடைய பழைய பெயரை அவளுக்கு மீண்டும் தருவோமாக! அதுபோலவே, நம்மிடையே பிறக்கும் ஒவ்வொரு பெண் மகவையும் கொடையென்று சொல்லி வரவேற்போமாக!